நாலு பக்கமும் தெரியணும்

ஒன்பது மணிக்கு வருகிறேன் என்று சொல்லியிருந்த அத்தான் ஏழே முக்காலுக்கே வந்து பட்டறையின் ஷட்டரைத் தட்டினார். மாடியில் பல் விளக்கிக்கொண்டிருந்த கரண்ட் வாயில் நுரையோடு ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்தான். கீழே அத்தானின் வெள்ளைக் கார் பாதி நடைபாதையிலும் பாதி சாலையிலுமாகக் கோணலாக நின்றது. அத்தான் ஒரு அட்டைப் பெட்டியைப் பிறந்த குழந்தையை ஏந்துவதுபோல் ஏந்திக்கொண்டு நின்றார்.

"இன்னும் எந்திரிக்கலையா மச்சான்?"

"எந்திரிச்சாச்சு அத்தான். வாய் கொப்பளிச்சிட்டு வர்றேன்."

"மெதுவா வா, அவசரமில்ல," என்று சொல்லிவிட்டு மறுபடியும் ஷட்டரைத் தட்டினார்.

கரண்ட் என்பது பெற்றவர்கள் வைத்த பெயர் இல்லை. காரில் விளக்கு, ஹாரன், பூட்டு, பாட்டுப்பெட்டி என்று மின்சாரம் ஓடுகிற எது கெட்டாலும் அவனிடம்தான் வண்டி வரும் என்பதால் தெரு வைத்த பெயர். இப்போது கூடப்பிறந்த அக்காவே அப்படித்தான் கூப்பிடுகிறாள். அந்த அக்காவின் கணவர்தான் இந்த அத்தான். ஊர் அவருக்கும் ஒரு பெயர் வைத்திருந்தது, கிளட்ச் வாத்தியார் என்று. முப்பத்தோரு வருடம் கார் ஓட்டக் கற்றுக்கொடுக்கும் பள்ளி நடத்தியவர். அவர் பக்கத்தில் உட்கார்ந்து போட்ட சத்தம் இன்னும் காதில் கேட்கிறது என்று சொல்லும் டாக்டர்களும் வக்கீல்களும் ஊரில் இருந்தார்கள். இரண்டு வருடத்துக்கு முன்னால், அலுத்துவிட்டது என்று ஒரே வரியில் சொல்லிப் பள்ளியை மூடிவிட்டார்.

இந்த மனிதர் கேமராப் பெட்டியோடு வந்து நின்றதுதான் கரண்டுக்குப் புரியவில்லை. முன்பு ஒருமுறை பின்பக்கத்துக்கு ஒரே ஒரு கேமரா வைத்துத் தருகிறேன் என்று அவன் சொன்னபோது, "கண்ணாடி மூணு, கழுத்து ஒண்ணு. அதுக்கு மேல தேவைப்படுறவன் பஸ்ல போகட்டும்," என்று வாயை அடைத்தவர் அவர். இப்போது என்னடாவென்றால் முன்னால் ஒன்று, பின்னால் ஒன்று, பக்கத்துக்கு ஒன்று என நாலு கேமரா. நாலு படத்தையும் ஒன்றாக ஒட்டி, வண்டியை மேலே இருந்து பருந்து பார்ப்பதுபோல் திரையில் காட்டும் சாதனம். அதையும் அவனிடம் ஒரு வார்த்தை கேட்காமல் இணையத்தில் தானே தேடி வரவழைத்திருந்தார்.

"என்கிட்ட கேட்டிருந்தா நல்ல செட்டா பாத்து வாங்கியிருப்பேன்ல அத்தான்."

"நாற்பத்தி ரெண்டு பேர் நல்லாருக்குன்னு எழுதியிருக்கான்."

"அந்த நாற்பத்தி ரெண்டு பேருமா வந்து மாட்டப் போறாங்க?"

அத்தான் காதில் போட்டுக்கொள்ளவில்லை. பெட்டியிலிருந்த விளக்கப் புத்தகத்தை எடுத்துக் கண்ணுக்கு நேராகப் பிடித்து, எறும்பு ஊர்ந்ததுபோல் அச்சடித்திருந்த எழுத்தைக் கண்ணாடி போடாமலே வாசிக்க ஆரம்பித்தார். பக்கம் பதினொன்றுக்கு வந்ததும் நிறுத்தினார்.

"இங்க பாரு. ஊதா கலர்ல ஒரு வயர் வருதாம். வேகத்துக்கு. அதை மட்டும் கனெக்ட் பண்ணாத."

"அது பண்ணலன்னா இருபது கிலோமீட்டருக்கு மேல போனாலும் திரை அணையாதே."

"அணைய வேணாம்னுதான் சொல்றேன்."

"ஓட்டுறப்ப அதைப் பாத்துக்கிட்டே போகக் கூடாதுன்னுதானே அத்தான் அணைய வெச்சிருக்கான்."

"வண்டி யாருது?" என்றார் அத்தான். அதற்கு மேல் பேச்சு இல்லை.

வேலை ஆரம்பித்தது. கரண்ட் தனியாக வேலை செய்து பழகியவன். பட்டறையில் அவனைத் தவிர ரேடியோதான் பேசும். அன்றைக்கு ரேடியோவை அணைத்துவிட்டு அத்தான் பேசினார். முன் கிரில்லைக் கழற்றும்போது, "கிளிப் உடைஞ்சிடும், மெதுவா," என்றார். மெதுவாகக் கழற்றினால், "இப்படிப் போனா சாயங்காலம் ஆயிடும்," என்றார். பக்கக் கண்ணாடியின் அடிக்கூட்டில் கேமராவுக்கு வட்டமாக ஓட்டை போடவேண்டியிருந்தது. ஒருமுறை தப்பினால் புதுக் கூடுதான் வாங்க வேண்டும். கரண்ட் மூச்சைப் பிடித்துக்கொண்டு டிரில்லை வைத்த நேரம் பார்த்து, "நடுவுல வெச்சிருக்கியா?" என்று கேட்டார்.

கரண்ட் டிரில்லை இறக்கி வைத்தான்.

"அத்தான், டீ சாப்பிட்டு வாங்களேன். எதிர்லயே கடை இருக்கு."

"எனக்கு டீ வேணாம்."

"எனக்கு வேணும்."

அவர் டீ வாங்கி வருவதற்குள் இரண்டு ஓட்டையையும் போட்டு முடித்தான். வண்டியின் இரண்டு பக்கமும் நீளநீளமாகக் கீறல் இருந்ததை அப்போதுதான் கவனித்தான். பின்கதவில் ஒரு குழி. அத்தானின் வண்டியில் முப்பது வருடத்தில் ஒரு கீறல் பார்த்ததில்லை. டீயோடு வந்தவரிடம் கேட்டபோது, "எங்கயாவது நிறுத்திட்டுப் போனா அவனவன் வந்து இடிச்சிட்டுப் போறான்," என்றார். சொல்லிக்கொண்டே டீயை ஸ்டூலின் ஓரத்தில் வைத்தார். பாதிதான் ஸ்டூலில் பட்டது. கண்ணாடி டம்ளர் கீழே விழுந்து உடைந்து, டீ கரண்டின் செருப்புக்குள் போனது.

"ஸ்டூல் ஆடுது," என்றார் அத்தான்.

ஸ்டூல் ஆடவில்லை. கரண்ட் துடைப்பத்தை எடுத்தான்.

டேஷ்போர்டில் சாமான் வைக்கும் பெட்டியைக் கழற்றினால்தான் நாலு கேமராவின் வயரும் வந்து சேரும் கருவியை உள்ளே வைக்க முடியும். அதிலிருந்ததையெல்லாம் கரண்ட் ஒரு தட்டில் எடுத்து வைத்தான். வண்டி காகிதம், டார்ச், பஞ்சு, விரல் நீளத்தில் ஒரு கண் மருந்து பாட்டில்.

"கண்ணுல என்ன அத்தான்?"

"தூசி," என்று சொல்லி பாட்டிலை எடுத்துச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார்.

பதினொரு மணிக்கு அக்கா போன் செய்தாள்.

"இன்னும் முடியலையா?"

"இப்பதான் வயர் இழுத்துட்டு இருக்கேன்க்கா."

"ஞாயித்துக்கிழமை விடியக்காலையில கிளம்பணும். பொண்ணுக்குப் பிரசவத் தேதி நெருங்கிடுச்சு, நாலு மணி நேரம் ஓட்டணும், இங்க ஒரு துணி கூட எடுத்து வெக்கல. இந்த மனுசன் என்னடான்னா கேமராவைக் கட்டிக்கிட்டு அழுறாரு. ரிட்டயர் ஆனதுல இருந்தே ஒரு நிதானம் இல்லடா. நேத்து வாசல்ல வெச்ச வாளியை உதைச்சுத் தள்ளுறாரு. முந்தாநாள் பால் பாத்திரம். கேட்டா நான் வழியில வெச்சேனாம். எங்க வெச்சாலும் இவருக்கு வழிதான்."

"சரிக்கா, மத்தியானத்துக்குள்ள அனுப்பிடுறேன்," என்றான். அந்த வார்த்தையைச் சொல்லியிருக்க வேண்டாம் என்று பிறகு தோன்றியது.

வயர் இழுத்து முடித்து, நாலு படமும் தனித்தனியாகத் திரையில் வந்துவிட்டது. அத்தோடு வேலை முடிந்ததாக யாரும் நினைக்கக் கூடாது. நாலையும் ஒரே படமாக ஒட்டுவதில்தான் உயிர் போகும். வண்டியைச் சமதளத்தில் நேராக நிறுத்தி, சுற்றிலும் நாலு பக்கமும் கறுப்பு வெள்ளைக் கட்டம் போட்ட நாலு விரிப்புகளைச் சுருக்கமில்லாமல் விரிக்க வேண்டும். வண்டிக்கும் விரிப்புக்கும் நடுவில் புத்தகம் சொன்ன இடைவெளி ஒரு விரற்கடை பிசகக் கூடாது. பிறகு திரையில் பொத்தானை அழுத்தினால், கருவி அந்தக் கட்டங்களை எண்ணிப் பார்த்து, எந்தப் படம் எங்கே சேர வேண்டும் என்று தானே கற்றுக்கொள்ளும். கட்டம் கொஞ்சம் மடங்கியிருந்தாலும், மேலே நிழல் விழுந்தாலும், சிவப்பு எழுத்தில் முடியாது என்று சொல்லிவிடும். ஏன் முடியாது என்று மட்டும் சொல்லாது.

முதல் தடவை சிவப்பு வந்தது. பெட்டிக்குள் மடித்து வைத்த மடிப்பு விரிப்பில் அப்படியே இருந்தது. கரண்ட் மாடிக்குப் போய் இஸ்திரிப் பெட்டியை எடுத்து வந்து, தரையில் மண்டிபோட்டு நாலு விரிப்பையும் தேய்த்தான். அவன் மனைவி படியில் நின்று பார்த்துவிட்டு, "என் புடவையை இப்படி ஒரு நாள் தேய்ச்சதில்ல," என்று சொல்லிப் போனாள்.

இரண்டாவது தடவை, அளவு நாடாவால் எல்லாம் அளந்து வைத்து, பொத்தானை அழுத்தப் போகும்போது, அத்தான் பின்பக்கத்திலிருந்து நேராக நடந்து வந்தார். பின்பக்க விரிப்பின் மேல் கால் வைத்து, அதை ஒரு முழம் இழுத்துக்கொண்டு வந்து நின்றார்.

"அத்தான், விரிப்பு."

"எங்க?"

"உங்க காலுக்குக் கீழ."

குனிந்து பார்த்தார். "சொல்லக் கூடாதா?" என்றார்.

மூன்றாவது தடவை எல்லாம் சரியாக இருந்தும் சிவப்பு. கரண்ட் விற்றவர்களின் உதவி எண்ணுக்குப் போன் செய்தான். பதினேழு நிமிடம் பாட்டுக் கேட்ட பிறகு ஒருவர் பேசினார்.

"அணைச்சிட்டு மறுபடி போட்டுப் பாத்தீங்களா சார்?"

"பாத்தேன்."

"விரிப்பு நேரா இருக்கா சார்?"

"நேரா இருக்கு."

"வண்டி நேரா இருக்கா சார்?"

"நான் ஒருத்தன்தான் கோணலா இருக்கேன், மத்த எல்லாம் நேராத்தான் இருக்கு. அடுத்தது சொல்லுங்க."

"அணைச்சிட்டு மறுபடி போட்டுப் பாருங்க சார்."

போனை வைத்துவிட்டுத் தானே யோசித்ததில், பாதி திறந்த ஷட்டர் வழியாக வெயில் வந்து வலப்பக்க விரிப்பில் ஒரு பட்டையாக விழுந்திருந்தது தெரிந்தது. ஷட்டரை முழுதாக இறக்கி விளக்குகளைப் போட்டான். பட்டறை உலை மாதிரி ஆனது. விரிப்புகளைத் திரும்ப அளந்து வைத்தான். அத்தானிடம், "நீங்க தயவுசெஞ்சு இந்த நாற்காலியில உக்காருங்க. கூப்பிட்டா மட்டும் வாங்க," என்றான். அவர் நாற்காலியை நோக்கி நடந்தார். போகிற வழியில் இடப்பக்க விரிப்பின் ஓரத்தை மிதித்து அதைச் சுருட்டிக்கொண்டு போனார்.

கரண்டுக்கு அதற்கு மேல் பொறுக்கவில்லை. "கண்ணு என்ன முதுகுலயா இருக்கு அத்தான்? மத்தவன் காலையில இருந்து தரையில தவழுறான், அதுக்காகவாவது கீழ பாத்து நடக்கக் கூடாதா?"

பட்டறைக்குள் அவன் குரல் மோதித் திரும்பி வந்தது. இந்த முப்பது வருடத்தில் அத்தானிடம் அப்படிப் பேசியதில்லை. அவர் எப்படியும் பதிலுக்குக் கத்துவார் என்று எதிர்பார்த்தான். அவர் நாற்காலியின் கையைத் தடவிப் பிடித்து உட்கார்ந்தார்.

நாலாவது தடவை பச்சை எழுத்து வந்தது. திரையில் வெள்ளை வண்டி ஒன்று நடுவில் நிற்க, சுற்றிலும் பட்டறையின் தரை, விரிப்பு, உடைந்த டம்ளரின் ஒரு சில்லு உட்பட எல்லாம் ஒரே படமாகச் சேர்ந்து கிடந்தது.

"வாங்க அத்தான், வந்து பாருங்க."

அவர் ஓட்டுநர் இருக்கையில் ஏறித் திரையைப் பார்த்தார். அவர் முகத்தில் அப்படி ஒரு நிம்மதியைக் கரண்ட் பார்த்ததே இல்லை.

"நாலு பக்கமும் தெரியுது மச்சான்," என்றார் மெதுவாக. "ஒரே இடத்துல, முன்னாலயே தெரியுது."

கத்தியதற்காகக் கரண்டுக்கு வெட்கமாக இருந்தது. திரைச் சட்டத்தின் கடைசித் திருகாணியை முடுக்க, மறுபக்கக் கதவு வழியாகக் குனிந்து, சட்டத்தை அமுக்கிப் பிடிக்கக் கை வேண்டியிருந்ததால் ஸ்க்ரூ டிரைவரை அவர் பக்கம் நீட்டினான். "இதைக் கொஞ்சம் பிடிங்க அத்தான்."

அத்தான் அசையவில்லை. ஸ்க்ரூ டிரைவர் அவர் தோளுக்கு ஒரு சாண் தள்ளி அந்தரத்தில் நின்றது.

"அத்தான், பிடிங்க."

"எதை?" என்று கேட்ட அவர், அவன் பக்கம் திரும்பவில்லை. திரையைப் பார்த்தார். வண்டிக்குப் பக்கத்தில் குனிந்து நிற்கும் கரண்டின் பாதி உடம்பைத் திரையில் தேடிக் கண்டுபிடித்தார். அதற்குப் பிறகுதான் தலையை முழுக்கத் திருப்பி, அவன் கையைப் பார்த்து ஸ்க்ரூ டிரைவரை வாங்கினார்.

கரண்ட் திருகாணியை முடுக்கவில்லை. நிமிர்ந்து போய்த் திரையின் ஃபியூஸைப் பிடுங்கினான். திரை கறுத்தது.

"என்னாச்சு?"

கரண்ட் அவர் கதவுக்குப் பக்கத்தில், ஜன்னலை ஒட்டி வந்து நின்றான். "அத்தான், நேரா பாத்துட்டே சொல்லுங்க. எத்தனை விரல் காட்டுறேன்?"

"என்ன விளையாட்டு இது. திரையைப் போடு."

"சொல்லுங்க."

"ரெண்டு," என்றார்.

"நான் கையையே தூக்கல அத்தான்."

அத்தான் சட்டைப் பையிலிருந்த மருந்து பாட்டிலை எடுத்துத் தொடையில் வைத்துக்கொண்டார்.

"குழாய்க்குள்ள கண்ணை வெச்சுப் பாக்குற மாதிரி இருக்கு," என்றார். "நடுவுல எல்லாம் தெளிவாத் தெரியும். பொடி எழுத்துகூட வாசிப்பேன். ஓரம்தான் இல்ல. டாக்டர் சொல்லி எட்டு மாசம் ஆச்சு. போனது திரும்பாதாம், இருக்கிறதைக் காப்பாத்திக்கத்தான் மருந்தாம்."

"எட்டு மாசமாவா இப்படி ஓட்டிட்டு இருக்கீங்க?"

"எனக்குத் தெரிஞ்சு ரெண்டு வருசம். கடைசியா ஒரு பொண்ணுக்குச் சொல்லிக் குடுத்துட்டு இருந்தேன். ஓரத்துல ஒரு சைக்கிள்காரன் வந்திருக்கான். நான் போ, போன்னு சொல்றேன். பிரேக்கை அந்தப் பொண்ணுதான் மிதிச்சா. பத்தொன்பது வயசு. என்னைத் திரும்பிப் பாத்தா பாரு ஒரு பார்வை. மறுநாள் பள்ளியை மூடிட்டேன்."

கரண்டுக்கு உடம்பெல்லாம் எரிந்தது. "பள்ளியை மூடினீங்க. வண்டியை ஏன் மூடல? இன்னிக்குக் காலையில எப்படி வந்தீங்க?"

"அதுக்குத்தான் ஏழரைக்கே கிளம்பினேன். ரோட்ல ஆள் இருக்காது."

"ஞாயித்துக்கிழமை அக்காவை ஏத்திக்கிட்டு நாலு மணி நேரம் போகப் போறீங்க. அப்ப ரோட்ல ஆள் இருக்குமா இருக்காதா?"

"அதனாலதானே இதை மாட்டச் சொன்னேன்," என்றார் அத்தான், பச்சைப்பிள்ளைக்கு விளங்கவைப்பதுபோல். "ஓரத்துல இருக்கிறதெல்லாம் இது நடுவுல கொண்டாந்து காட்டுது. அந்த ஒரு வயரை விட்டுட்டா எந்த வேகத்துலயும் காட்டும்."

இத்தனை நாளும் யோசித்து யோசித்து அவர் கட்டி வைத்திருந்த கணக்கு அது. ஒரு நொடி கரண்டுக்கு அவர்மேல் இரக்கமாக இருந்தது. அடுத்த நொடியே கோபம் இன்னும் ஏறியது.

"அது நிறுத்துறதுக்கு உதவுற சாமான் அத்தான், ஓட்டுறதுக்கு இல்ல. மூணு மீட்டர் தாண்டினா எல்லாம் கோணலா வளைஞ்சுடும். எண்பதுல போறப்ப மூணு மீட்டர்ங்கிறது ஒரு தும்மல். அதுலயும் திரையைப் பாத்தா ரோட்டை யார் பாக்குறது? இந்தக் கண்ணை வெச்சுக்கிட்டு ஒருத்தன் உங்ககிட்ட ஓட்டக் கத்துக்க வந்திருந்தா என்ன சொல்லியிருப்பீங்க?"

அத்தான் கையை நீட்டினார். "சாவியைக் குடு."

"தர மாட்டேன்."

"வண்டி யாருதுடா?"

"உங்களுதுதான். ரோடு உங்களுது இல்ல."

அத்தான் இறங்கிக் கதவை அறைந்து சாத்தினார். நடந்தே போகிறேன் பார் என்பதுபோல் விறுவிறுவென்று ஷட்டர் பக்கம் போனவர், வழியில் நின்ற கருவித் தள்ளுவண்டியில் இடுப்பை மோதிக்கொண்டார். ஸ்பேனரும் குறடும் திருகாணிகளும் தரையெங்கும் சிதறின. அவர் அந்த இடத்திலேயே நின்றார். குனிந்து பொறுக்கவும் இல்லை, நகரவும் இல்லை. எது எங்கே கிடக்கிறது என்று தெரியாமல் காலை எடுத்து வைக்க அவருக்குப் பயமாக இருந்தது.

கரண்ட் வந்து மண்டிபோட்டு ஒவ்வொன்றாகப் பொறுக்கினான். அவர் காலைச் சுற்றி முதலில் பொறுக்கினான்.

"அக்காவுக்குத் தெரிய வேணாம் மச்சான்."

"நான் சொல்ல மாட்டேன். நீங்க சொல்வீங்க. இன்னிக்கே."

பொறுக்கி முடித்ததும் வண்டிக்குள் தலையை விட்டு, டேஷ்போர்டுக்குள் தனியாகத் தொங்கிய ஊதா வயரை எடுத்து, அது சேர வேண்டிய வயரோடு சேர்த்து முறுக்கி டேப் சுற்றினான். ஃபியூஸைத் திரும்பப் போட்டான். அத்தான் அதைப் பார்த்துக்கொண்டுதான் இருந்தார்.

வண்டியைக் கரண்ட்தான் ஓட்டினான். பக்கத்து இருக்கையில் அத்தான், முழங்காலில் கைகளை வைத்தபடி. தெருமுனையிலேயே வேகம் இருபதைத் தாண்டியதும் திரை அணைந்தது. வழி நெடுக அவர் ஒரு திருத்தம்கூடச் சொல்லவில்லை. கரண்ட் வேண்டுமென்றே ஒரு திருப்பத்தில் இண்டிகேட்டர் போடாமலே வண்டியைத் திருப்பினான். அதற்கும் ஒன்றும் சொல்லவில்லை.

அக்கா வாசலிலேயே நின்றிருந்தாள். "மணி மூணு. மத்தியானத்துக்குள்ளன்னு சொன்னது எந்த ஊர் மத்தியானம்?" என்று ஆரம்பித்தவள், தம்பி ஓட்டுநர் இருக்கையிலிருந்து இறங்குவதைப் பார்த்து நிறுத்தினாள். "நீ ஏன்டா ஓட்டிட்டு வந்த?"

கரண்ட் அத்தானைப் பார்த்தான். அத்தான் வண்டிக்குள்ளிருந்தபடியே, ஜன்னல் கண்ணாடியை இறக்கி, நேராக முன்னால் பார்த்துக்கொண்டு சொன்னார். ஒரே மூச்சில், மனப்பாடம் செய்ததை ஒப்பிப்பதுபோல் சொல்லி முடித்தார். எட்டு மாதம், குழாய், மருந்து, சைக்கிள்காரன், எல்லாம்.

அவள் அழுவாள் என்று கரண்ட் பயந்தான். அவள் அழவில்லை. இடுப்பில் கை வைத்துக்கொண்டு கேட்டவள், "அப்ப அந்த வாளி?" என்றாள்.

"தெரியல."

"பால் பாத்திரம்?"

"தெரியல."

"வருசக்கணக்கா உங்களை வாய்க்கு வந்தபடி திட்டியிருக்கேன். கண்ணு தெரியலன்னு ஒரு வார்த்தை சொல்லியிருந்தா நான் ஏன் திட்டப் போறேன்? தினம் திட்டு வாங்கிக்கிட்டு மரம் மாதிரி நின்னீங்களே, என்னை எவ்வளவு பெரிய கொடுமைக்காரியா ஆக்கிட்டீங்க." குரல் அங்கேதான் உடைந்தது. உடனே சமாளித்துக்கொண்டு தம்பி பக்கம் திரும்பினாள். "நீ என்ன வேடிக்கை பாக்குற? ஞாயித்துக்கிழமை ரயிலுக்கு ரெண்டு டிக்கெட் போடு."

ரயிலில் போனார்கள். பேத்தி பிறந்தாள். ஐந்து வாரம் கழித்துத் திரும்பி வந்தார்கள். அதுவரை அத்தான் கரண்டிடம் ஒரு வார்த்தை பேசவில்லை. அக்கா போனில் பேசும்போது பின்னால் இருமுகிற சத்தம் மட்டும் கேட்கும். அவளே அவரைக் கண் ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போனாள். டாக்டர் புதிதாக ஒன்றும் சொல்லவில்லை. மருந்தை வேளை தவறாமல் விட வேண்டும், வண்டி ஓட்டவே கூடாது என்றார். மருந்து வண்டியிலிருந்து சமையலறை அலமாரிக்கு இடம் மாறியது. கடிகாரத்தைப் பார்த்து அவளே அவர் கண்ணில் விடுகிறாள்.

ஒரு திங்கட்கிழமை அத்தானே போன் செய்தார். நலம் விசாரிப்பெல்லாம் இல்லை.

"நீ ஒட்டின படம் சரியில்ல மச்சான். வலப்பக்க மூலையில ஒரு கம்பத்தை வெச்சா ரெண்டு துண்டாத் தெரியுது."

"எல்லா வண்டியிலயும் மூலையில கொஞ்சம் அப்படித்தான் அத்தான் தெரியும். ஆமா, யார் வண்டியை எடுத்தா?"

"உன் அக்கா."

கரண்ட் அடித்துப் பிடித்துக்கொண்டு ஓடினான். அத்தான் சொன்ன இடத்தில், சரக்குக் கிட்டங்கிக்குப் பின்னாலிருந்த காலி மைதானத்தில் வெள்ளைக் கார் நடைவேகத்தில் வட்டமடித்துக்கொண்டிருந்தது. கல்யாணமான புதிதில் அத்தான் அக்காவுக்கு ஓட்டக் கற்றுக்கொடுக்க முயன்று, பத்தாவது நிமிடத்தில் அவள் இறங்கி நடந்தே வீட்டுக்குப் போன கதை குடும்பத்தில் எல்லோருக்கும் தெரியும். இந்தத் தடவை அவள் வேறு ஒரு பள்ளியில் சேர்ந்து பத்து நாள் படித்திருந்தாள். அந்த ஆசிரியர் ஸ்டியரிங் பிடிக்கக் கற்றுக்கொடுத்த லட்சணத்தைப் பார்த்துச் சகிக்காமல் அத்தான் பக்கத்தில் ஏறி உட்கார்ந்துவிட்டார்.

கரண்ட் பின் இருக்கையில் ஏறினான். படத்தைச் சோதிக்க வந்தவனை இருவரின் சண்டை அதைச் சரியாகப் பார்க்க விடவில்லை.

"திருப்பத்துக்கு முன்னாடியே குறைக்கணும், திரும்பிட்டுக் குறைக்கக் கூடாது," என்றார் அத்தான்.

"குறைச்சிட்டுத்தானே இருக்கேன்."

"இது குறைக்கிறது இல்ல, நிறுத்துறது."

"நின்னா என்ன, பின்னால யாராவது வர்றாங்களா? திரையில ஒண்ணும் இல்ல."

"இன்னிக்கு இல்ல. நாளைக்கு வருவான். கரண்ட், நீ சொல்லு."

"அவனை எதுக்கு இழுக்குறீங்க? கரண்ட், நீ வாயைத் திறந்த, தெரியும் சேதி."

"நான் ஒண்ணும் சொல்லலக்கா. மூலையில கம்பம் கொஞ்சம் விலகித் தெரியுது, அதை மட்டும் சரி பண்ணித் தர்றேன். என்னை இங்கயே இறக்கி விடு, பட்டறையில ரெண்டு வண்டி நிக்குது."

"இரு, நிறுத்துறேன்," என்றாள். நிறுத்த வேண்டிய இடத்தைத் தாண்டிப் போய்விட்டாள். அத்தான் நெற்றியில் கையை வைத்துக்கொண்டார். இன்னும் ஒரு முழு வட்டம் அடித்து, மைதானத்தின் மறுகோடியில், ஒரு குலுக்கலோடு வண்டி நின்றது. கரண்ட் இறங்கிக் கதவைச் சாத்தினான். அவன் நாலு அடி போவதற்குள், உள்ளே அவர்கள் கையை ஆட்டி ஆட்டி மறுபடியும் ஆரம்பித்துவிட்டார்கள். செருப்பில் ஏறிய மண்ணை உதறிவிட்டு அவன் பட்டறையைப் பார்த்து நடந்தான்.